'நான்' என்பதை எழுதியவர் யார்?

(பெங்களூருவில் கட்சி உறுப்பினர்களின் கலை இலக்கியக் கூட்டத்தில் ஆற்றிய உரையின் சுருக்கம்)

'நான் யார்?' என்ற கேள்வியைச் சோதனைக் குறும்படங்கள் பல எழுப்புகின்றன. பெரும்பாலும் அவை விடையைத் தனிமனிதரின் உள்ளத்தில் தேடுகின்றன. நாம் கேட்கவேண்டியது வேறு: 'நீ இன்னார்' என்று எழுதிக் கொடுத்தவர் யார்?

இந்நகரின் கலைஞர் புஷ்பமாலா என். 2004இல் எடுத்த 'ராஷ்ட்ரிய கீர் அண்டு தேசிய சாலட்' இக்கேள்வியைத் தொடுகிறது. 11 நிமிடக் கறுப்பு வெள்ளைப் படம். தலைப்பின் பொருள், தேசியப் பாயசமும் சுதேசிக் காய்க்கலவையும். பழைய குடும்பக் குறிப்பேடுகளின் வாசகங்களைக் கொண்டு, விடுதலைக்குப் பிந்தைய இலட்சியக் குடும்பத்தை அது பகடி செய்கிறது. அடுப்படிக் குறிப்பிலும் தேசம் நுழைந்துவிடுகிறது. தாய் எப்படி இருக்கவேண்டும் என்பதைத் தாய்க்கு முன்பே பிறர் முடிவு செய்துவிடுகின்றனர்.

கிளேர் ஆர்னியுடன் இணைந்து 2000 முதல் 2004 வரை அவர் உருவாக்கிய 'தென்னிந்தியப் பூர்வீகப் பெண்கள்' புகைப்படத் தொடரும் இத்தகையதே. காலனிய ஆட்சியின் இனவரைவியலாளர்கள் பழங்குடி மக்களைக் கட்டங்கள் வரைந்த திரைமுன் நிறுத்தி அளந்தனர். அதே திரைமுன் கலைஞர் தாமே வேடமிட்டு நிற்கிறார். ஒளிப்படக் கருவி ஆட்சியின் கருவியாகவும் இருந்தது என்பது அங்கே புலனாகிறது. 1871ஆம் ஆண்டின் குற்றப் பரம்பரைச் சட்டம் முழுச் சமூகங்களின் நெற்றியில் 'குற்றவாளி' என எழுதிய காலமும் அதுவே.

இப்படைப்புகளுக்கு எல்லையும் உண்டு. குறிப்பேடு வைத்திருந்த குடும்பம் நடுத்தர வர்க்கக் குடும்பம். அந்தச் சமையலறையில் பாத்திரம் துலக்கியவரின் குறிப்பேடு எங்கே? படம் திரையிடப்படுவதும் பெரும்பாலும் கலைக்கூடங்களில்தான். பீணியா தொழிற்பேட்டையில் அன்று.

தோழர்களே! இது வெறும் கலை விவாதமன்று. 1991 டிசம்பரிலும் 2016 செப்டம்பரிலும் காவிரியின் பெயரால் இந்நகரில் வன்முறை வெடித்தபோது, ஒரே ஆலையில் ஒரே கூலி பெற்றவர்கள் தமிழர், கன்னடர் என்று மட்டுமே பார்க்கப்பட்டனர். மொழி நமது உரிமை, அதை மறுக்கவேண்டியதில்லை. ஆனால் மொழியை மட்டுமே முகமாக்கி, உழைப்பை மறைப்பவர்கள் முதலாளிகளுக்கே துணைபோகின்றனர்.

எனவே, இத்தகைய படங்களைக் கிளைகளில் திரையிட்டு விவாதியுங்கள். ஆயத்த ஆடைத் தொழிலாளியும் தூய்மைப் பணியாளரும் கைப்பேசியிலேயே தம் வாழ்வைப் படமாக்கட்டும். தமிழிலும் கன்னடத்திலும் பேசட்டும். தன்னைப் பற்றிய குறிப்பேட்டை உழைக்கும் மக்கள் தாமே எழுதத் தொடங்குவது, அமைப்பாகத் திரள்வதன் ஒரு பகுதியே.