சர்க்காருக்கு விட்ட கட்டடங்களும் வாடகைப் பாக்கியும்

(நமது சங்கக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)

 

இன்று நாம் எடுத்துக்கொண்ட விஷயம் பெரிய தத்துவமன்று. நம்மிற் பல குடும்பங்களின் அடுப்பைப் பற்றியதாகும். மதுரை மாசி வீதிகளிலும், மேலூர், திருமங்கலம், உசிலம்பட்டி முதலிய ஊர்களிலும் நம்மவர்கள் வாயைக் கட்டி வயிற்றைக் கட்டிச் சேர்த்த பொருளைக்கொண்டு கட்டடங்கள் எழுப்பியிருக்கிறார்கள். அவற்றை அரசாங்க இலாகா ஒன்று வாடகைக்குக் கேட்டு வருமானால், சர்க்கார் பணம் எங்கே போகும் என்றெண்ணி, பத்திரத்தையும் நன்கு படியாமற் சாவியைக் கொடுத்துவிடுகிறோம். பின்னர் ஆறு மாதம், ஒரு வருஷம், இரண்டு வருஷம் என்று பாக்கி வளர்கின்றது. அந்த வாடகையை நம்பியிருக்கும் விதவைகளும், அதிலிருந்து பள்ளிச் சம்பளம் பெறும் ஏழை மாணவர்களும் காத்திருக்கிறார்கள். நாம் அரையாண்டுதோறும் செலுத்தவேண்டிய சொத்து வரியோ நமக்காகக் காத்திருப்பதில்லை.

சர்க்கார் ஊரைவிட்டு ஓடிப்போகும் குடித்தனக்காரரல்லர் என்பது மெய்யே. ஆயினும், பணம் போகாது என்ற நம்பிக்கை வேறு. அதனைக் கேட்கும் உரிமை போகாது என்ற நம்பிக்கை வேறு. முன்னது பெரும்பாலும் சரி. பின்னது முற்றிலும் தவறு. இதனை விளக்கவே நாம் இங்கு நிற்கிறோம்.

தாமதம் எதனால் நேர்கின்றது? ஆபீஸ் தலைவர் தம் பெட்டியைத் திறந்து வாடகை கொடுப்பவரல்லர். வாடகை நியாயமானதென்று பொதுப்பணி இலாகாவார் சான்று தரவேண்டும், மேலதிகாரி அநுமதிக்கவேண்டும், அவ்வருஷத்து வரவுசெலவில் பணம் ஒதுக்கப்படவேண்டும், அதன்பின்னரே பில் கருவூலம் செல்லும். பத்திரத்தின் காலம் முடிந்து புதுப்பிக்கப்படாவிடின் அப்பில்லுக்கு ஆதாரமே இல்லை. பாக்கி பிறக்கும் இடங்களுள் இது முக்கியமானது.

இனிச் சட்டத்தைப் பார்ப்போம். 1963-ஆம் வருஷத்துக் காலவரையறைச் சட்டப்படி, வாடகைப் பாக்கிக்கு வழக்கிட நமக்குள்ள காலம் 3 வருஷமே. அதுவும் ஒவ்வொரு மாத வாடகைக்கும் தனித்தனியே, அது சேரவேண்டிய நாள்முதல் கணக்கிடப்படும். அதே சட்டம் சர்க்கார் தொடுக்கும் வழக்குக்குப் பொதுவாக 30 வருஷம் அளிக்கின்றது. "அடுத்த மாதம் வந்துவிடும்" என்று அலுவலர் அன்போடு சொல்லும் வாய்மொழி அந்த மூன்று வருஷத்தை ஒரு நாளும் நீட்டாது. காலம் முடியுமுன் கையொப்பமிட்டு எழுத்தில் ஒப்புக்கொண்டாலன்றோ புதிய 3 வருஷம் பிறக்கும்! மேலும், சிவில் நடைமுறைச் சட்டம் 80-ஆம் பிரிவின்படி வழக்குக்கு முன் 2 மாத நோட்டீஸ் தரவேண்டும். தீர்ப்புக் கிடைத்த பின்னரும் 3 மாதம் பொறுத்தே நிறைவேற்றக் கோரலாம்.

பத்திரத்தின் வலிமைக்கு நம் நாட்டிலேயே ஓர் உதாரணம் உண்டு. மேலூர் வயல்களுக்கு நீர் தரும் பெரியாறு அணைக்காக, 1886 அக்டோபர் 29-ல் திருவிதாங்கூர் மகாராஜா 8,000 ஏக்கர் நிலத்தைச் சென்னை அரசாங்கத்தின் பொருட்டு 999 வருஷத்திற்குக் குத்தகைக்கு விட்டார். குத்தகை ஏக்கருக்கு 5 ரூபாய். 1970-ல் வேறு ஒப்பந்தம் செய்த பின்னரே அது 30 ரூபாயாயிற்று. எழுதியது எழுதியபடியே நிற்கும். எழுதாததை நாம் தைரியமாகக் கேட்பதற்கில்லை. தாமதத்துக்குரிய வட்டியும் அத்தகையதே.

ஆகவே நாம் செய்யவேண்டுவன: முதலாவது, ஓராண்டுக்கு மேற்பட்ட குத்தகையாயின் பத்திரத்தை ரிஜிஸ்டர் செய்தல், மாகாண இலாகாவாயின் கவர்னர் பெயராலும், மத்திய இலாகாவாயின் ஜனாதிபதி பெயராலும், அதிகாரம் பெற்றவர் கையொப்பமிட்டதா என்று அரசியலமைப்பின் 299-ஆம் பிரிவை நினைத்துப் பார்த்தல். இரண்டாவது, வாடகை உயர்வு, கொடுக்கும் தேதி, தாமத வட்டி ஆகிய ஷரத்துக்களைச் சேர்த்தல். மூன்றாவது, காலம் முடிவதற்கு ஆறு மாதம் முன்பே புதுப்பிக்க எழுதுதல். நான்காவது, மாதந்தோறும் எழுத்தில் கேட்டு, வருஷம் ஒருமுறை பாக்கிக் கணக்கில் கையொப்பம் பெறுதல்.

"சர்க்காரோடு பகைப்பதா?" என்று சிலர் அஞ்சுவர். கேட்பது பகையன்று. நமது கடிதமே, ஒதுக்கீடு கோரி மேலிடத்துக்கு எழுத அவ்வலுவலருக்கு ஆதாரமாகும். கேளாதிருப்பதே அவருக்கும் இடையூறு. குடிகளிடம் தவணை தவறாமல் வரி வாங்கும் அரசாங்கம், தான் குடியிருக்கும் வீட்டுக்கும் தவணை தவறாதிருத்தல் தர்மமாகும்.

சங்கத்தார் இத்தகைய கட்டடங்களுக்கு ஒரு பதிவேடு வைத்து, மூன்று வருஷம் நெருங்கும் பாக்கிகளை உரியவர்க்கு முன்கூட்டியே அறிவிப்பார்களாயின், கையெழுத்திட மட்டும் அறிந்த தாய்மாருக்கும் அது காவலாக விளங்கும். இதனைத் தீர்மானமாகக் கொள்ளுமாறு வேண்டி அமர்கிறோம்.