எல்லை கடந்த வைத்தியரும் பதிவேடும்
(ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)

 

1854-ஆம் ஆண்டில் கல்யாணுக்குப் புகைவண்டி வந்தது. பின்னாளில் அப்பாதை வழியே நம்மவரும் வந்தனர். மொழியையும் வழிபாட்டையும் கொணர்ந்தது போலவே மருந்துப் பெட்டியையும் உடன் கொணர்ந்தனர். அப்பெட்டியைப் பற்றியே இன்று பேச விழைகின்றோம்.

எம் குடியிருப்பில் நெல்லைச் சீமையினின்றும் வந்த முதியவர் ஒருவர் வாழ்ந்தார். மூன்று தலைமுறையாகச் சித்த வைத்தியம் செய்த குடும்பம். ஊரில் பரம்பரை வைத்தியராகப் பதிவு பெற்றவர். அச்சான்றைக் கண்ணாடியிட்டுச் சுவரில் மாட்டியிருந்தார். ஒருநாள் அலுவலர் ஒருவர் வந்து, "பெரியவரே, இஃது உங்கள் மாநிலத்துச் சான்று, இங்கே செல்லாது" என்றார். மறுநாள் அச்சான்று தகரப் பெட்டிக்குள் சென்றுவிட்டது. யாம் சினங்கொண்டோம், அயலார் என்பதால் வந்த வினை என்றும் பேசினோம். சட்டத்தை ஆராய்ந்த பின்னரே எம் சினத்தில் பாதி பிழை என உணர்ந்தோம்.

நாட்டு மருத்துவரைப் பதிவு செய்வதற்கான சட்டம் பம்பாய் மாகாணத்தில் 1938-இலேயே இயற்றப்பட்டது. 1961-இல் மகாராஷ்டிரம் தனக்கெனச் சட்டம் செய்துகொண்டது. 1970-இல் நாடாளுமன்றம் இயற்றிய இந்திய மருத்துவ மத்தியக் குழுச் சட்டம், ஆயுர்வேதம், சித்தம், யுனானி ஆகிய மூன்றற்கும் பொதுவாக ஒரு மத்தியப் பதிவேட்டை வகுத்தது. ஏற்கப்பட்ட கல்வித் தகுதியுடன் அப்பதிவேட்டில் இடம்பெற்றவர் இந்தியாவின் எப்பகுதியிலும் தொழில் செய்யலாம். கல்வித் தகுதியின்றி மாநிலப் பதிவேட்டில் மட்டும் இருந்தவர்க்கோ, அவ்வுரிமை அம்மாநில எல்லையோடு நின்றது. 2021-இல் நடைமுறைக்கு வந்த புதிய தேசிய ஆணையச் சட்டமும் மாநிலப் பதிவேடு, தேசியப் பதிவேடு என்னும் இருவகையையே கொண்டுள்ளது.

இவ்வேறுபாடு 2009-இல் உச்ச நீதிமன்றத்தில் தெளிவாயிற்று. மும்பையைச் சார்ந்த ஆயுர்வேத மருத்துவர் சங்கம் ஒன்று தொடுத்த வழக்கு அது. பிறிதொரு மாநிலப் பதிவேட்டில் பெயர் இருப்பதனால் மட்டும் மகாராஷ்டிரத்தில் தொழில் செய்யும் உரிமை வாராது என நீதிமன்றம் கூறிற்று. 2018-இல் கேரளத்துப் பரம்பரை வைத்தியர் வழக்கிலும், தகுதியும் பதிவும் இன்றி வைத்தியம் செய்தல் ஆகாது என்றே தீர்ப்பாயிற்று. ஆகவே இது தமிழர்க்கென வந்த தடையன்று. ஆயுர்வேதர்க்கும் மலையாளத்தார்க்கும் பொதுவானதே.

தடைக்குக் காரணமும் உண்டு. நம் மருத்துவத்தில் பாதரசம், கந்தகம், நாபி முதலியன பயில்கின்றன. சுத்தி முறை வழுவின் மருந்தே நஞ்சாகும். நீரிழிவை ஒழிப்போம் எனச் சுவரில் எழுதி வைப்போரையும் காண்கின்றோம். அத்தகைய விளம்பரத்தை 1954-ஆம் ஆண்டுச் சட்டமே விலக்கியுள்ளது. பெயர் தெரியாத ஊரில் நோயாளி எதைக் கொண்டு வைத்தியரை நம்புவான்? பிறந்த ஊரில் ஊராரே சாட்சி. இங்கோ பதிவேடே சாட்சி.

எனினும் எம் சினத்தின் மறுபாதி சரியே. ஐம்பதாண்டு கைப்பழக்கம் ஒரு தாளின்மையால் அறிவின்மை ஆகிவிடாது. சட்டம் அம்முதியவரைத் தடுத்தது; அவர் அறிந்ததைக் காக்க வழி செய்யவில்லை. அவ்வேலை நம்முடையது.

நம் சங்கத்தார் செய்யத்தக்கன மூன்று. சித்த மருத்துவப் பட்டம் பெற்று இங்கு வரும் இளைஞர்க்கு, தொழில் தொடங்குமுன் உரிய பதிவேட்டில் பெயர் பதிய வழிகாட்டுதல் வேண்டும். மருந்து கொள்வோர் பதிவு எண்ணைக் கேட்டறியும் வழக்கத்தைக் கைக்கொள்ள வேண்டும்; கேட்பது அவமதிப்பன்று. முதிய வைத்தியர்தம் ஏடுகளையும் வாய்மொழி அறிவையும் எழுதி, சித்த மருத்துவக் கல்லூரிகளுக்கு அனுப்ப வேண்டும்.

அம்முதியவர் இன்றில்லை. அவர் கைப்பட எழுதிய குறிப்பேடு, 1964-இல் தோன்றிய பாளையங்கோட்டை அரசு சித்த மருத்துவக் கல்லூரியில் பயிலும் பெயர்த்தியிடம் உள்ளது. பயிற்சிக் காலமும் சேர ஐந்தரை ஆண்டுப் படிப்பு. அதை முடித்துப் பதிவும் பெற்று அவள் கல்யாணுக்கு வருவாளாயின், அதே சுவரில் மாட்டும் சான்றை எவரும் கழற்றச் சொல்லார்.