கன்டெய்னரில் வந்த பூனை

(குறுவள மையக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



2020 பிப்ரவரியில், சீனாவிலிருந்து சென்னைத் துறைமுகத்துக்கு வந்த பொம்மைக் கன்டெய்னரில் ஒரு பூனை இருந்தது. கொரோனா அச்சம் பரவிய நேரம். சுங்கத் துறை அதைத் திருப்பி அனுப்ப முனைந்தது. விலங்கு நல அமைப்பான பீட்டா வாதாடியது. பின்னர் பூனை அவர்களிடம் ஒப்படைக்கப்பட்டது.

ஆரணியில் என் ஏழாம் வகுப்பில் இதைச் சொன்னேன். கும்மிடிப்பூண்டி ஆலைகளில் வேலை செய்பவர்களின் பிள்ளைகள் பலர். கன்டெய்னர் லாரி அவர்களுக்குப் புதிதல்ல.

"அது சீனப் பூனைதானா சார்?" என்றான் ஒருவன். நல்ல கேள்வி. கப்பல் வர 10 நாளுக்கு மேல் ஆகும். அத்தனை நாள் சோறு தண்ணீர் இல்லாமல் பூனை பிழைக்குமா? வழியில் வேறு துறைமுகத்தில் ஏறியிருக்குமா? கரும்பலகையில் எழுதி விவாதித்தோம்.

அப்போது கடைசி பெஞ்சிலிருந்து ஒரு குரல். ஆலை வேலைக்கு வந்த குடும்பத்துப் பெண். வகுப்பே அவளை 'இந்திக்காரி' என்றுதான் கூப்பிடும், நானும் கண்டித்ததில்லை.

"என்னையும் யாரும் கேக்கல சார். நான் பேசுறது ஒடியா."

மறுநாள் முதல் அவளைப் பெயர் சொல்லியே அழைக்கிறோம். உங்கள் வகுப்பிலும் இப்படி ஒரு பிள்ளை இருக்கலாம். ஊகிக்காதீர்கள், கேளுங்கள்.