அனிகட்: முதலை வாயில் போன சொல்

(அவிநாசியில் நடந்த 'வழக்கொழிந்த சொற்கள்: சுமையே! சொத்தே!' பட்டிமன்றத்தில் 'சொத்தே' என்ற அணியில் பேசியது)



எனக்கு முன்னாடி பேசின தம்பி ஒரு கேள்வியைப் போட்டுட்டுப் போய் உட்கார்ந்துட்டார். "இங்கிலீஷ்காரனே மறந்துபோன இங்கிலீஷ் வார்த்தையை எங்க பிள்ளைக ஏன் சுமக்கணும்? செத்துப்போன சொல்லுக்கு எதுக்குத் திதி?" அப்படின்னார். நீங்க கை தட்டினீங்க. பேச்சு நல்லா இருந்தது, நானும் தட்டினேன். (சிரிப்பு) ஆனா தம்பி, திதி கொடுக்கிறதுக்கு முன்னாடி ஆள் செத்தாச்சான்னு நாடி பிடிச்சுப் பார்க்கணுமில்லையா?

நான் நிறையச் சொல்லைத் தூக்கிட்டு வரலைங்க. ஒரே ஒரு சொல். 'அனிகட்.'

எங்க வீட்டுப் பொண்ணு ப்ளஸ் டூ படிக்கிறா. காவிரியைப் பற்றி இங்கிலீஷில் கட்டுரை எழுதச் சொன்னாங்க. கல்லணைக்கு 'கிராண்ட் அனிகட்' என்று ஏதோ பழைய புத்தகத்தில் பார்த்து, கம்ப்யூட்டரில் அடிச்சா. அடிச்ச உடனே கீழே சிவப்புக் கோடு விழுந்துட்டது. "அப்பா, இது ஸ்பெல்லிங் மிஸ்டேக்கா?" "இல்லம்மா, அது நம்ம அணைக்கட்டு. வெள்ளைக்காரன் வாயில புகுந்து அனிகட் ஆயிடுச்சு." "அப்ப டேம்னே போட்டுடறேன்." "போடாதே"ன்னேன். "ஏன்?"னு கேட்டா பாருங்க. அந்த 'ஏன்'தான் நான் இன்னிக்கு எடுத்திட்டு வந்திருக்கிற வழக்கு.

அகராதி என்ன சொல்லுது? 1886இல் 'ஹாப்சன் ஜாப்சன்' என்று ஒரு தடிப் புத்தகம் வந்தது. நம்ம நாட்டிலிருந்து இங்கிலீஷுக்குள் போன சொற்களை எல்லாம் தேடிப் பிடித்துப் போட்ட அகராதி. தொகுத்தவர்கள் ரெண்டு பேர். ஹென்றி யூல் ராணுவ இன்ஜினீயர். பர்னெல் தஞ்சாவூரில் நீதிபதியாக இருந்தவர்; புத்தகம் அச்சாகி வருவதற்கு 4 வருஷம் முன்னாடியே, 1882இல் காலமாகிவிட்டார். ஒருத்தருக்கு வாய்க்கால் தெரியும், இன்னொருத்தருக்குத் தஞ்சாவூர் தெரியும். அனிகட் என்ற சொல் அவர்கள் கண்ணில் தப்புமா? அதிலே இடம் பிடித்தது. ஆக்ஸ்போர்டு பெரிய அகராதியிலும் இருக்கிறது.

இந்த இடத்தில் எதிரணி நண்பர் ஒருத்தரைச் சின்னதாத் திருத்திக்கிறேன். 'கேஷ்' என்ற இங்கிலீஷ் சொல்லே நம்ம காசிலிருந்துதான் போச்சுன்னு சொன்னார். மேடையில் எல்லாருமே சொல்வாங்க. கேட்க இனிக்கும். ஆனா, நாம இன்னிக்கு ரொக்கம்னு சொல்ற கேஷ், பணப்பெட்டியைக் குறிக்கிற பிரெஞ்சு, இத்தாலியச் சொல்லிலிருந்து வந்தது. நம்ம காசிலிருந்து போனது வேற கேஷ், ஒரு செப்புக்காசின் பேர். பழைய மதராஸ் கணக்கிலே 80 கேஷ் ஒரு பணம், 42 பணம் ஒரு வராகன். அந்தக் கேஷ் போயே போச்சு. நம்மது இல்லாததை நம்மதுன்னு சொன்னா, நம்மதா இருக்கறதையும் ஒருத்தன் நம்ப மாட்டானுங்க. (கைதட்டல்)

சரி, அனிகட்டுக்கு வருவோம். வெள்ளைக்கார இன்ஜினீயர்கள் காவிரிக்கு வந்தபோது கல்லணையைப் பார்த்தாங்க. மணல் ஆற்றிலே, கரிகாலன் பேரால் வழங்குற ஒரு கட்டுமானம் அத்தனை நூற்றாண்டு வெள்ளத்துக்கும் நின்னுகிட்டிருக்கு. ஆர்தர் காட்டன் 1830களில் முக்கொம்பிலும் அணைக்கரையிலும் கட்டினார். மேலே கட்டினது 'அப்பர் அனிகட்', கீழே கட்டினது 'லோயர் அனிகட்'. அப்புறம் கோதாவரிக்குப் போய், 1847இலிருந்து 1852 வரைக்கும் தவளேசுவரத்தில் கட்டினதும் அனிகட். இங்கிலீஷில் 'வியர்' என்று ஒரு சொல் ஏற்கெனவே இருக்குங்க. ஆனாலும் அவங்க ரிக்கார்டிலே நம்ம சொல்லைத்தான் எழுதினாங்க. பொருள் நம்ம ஊர்ப் பொருள், பேரும் நம்ம ஊர்ப் பேர்.

நடுவர்: அதெல்லாம் சரிங்க. டேமுக்கும் அனிகட்டுக்கும் என்ன வித்தியாசம்? பொண்ணு கேட்டதுக்கு இன்னும் பதில் வரலையே!

வந்துட்டேன் ஐயா. இந்த ஊர்க்காரங்களுக்குப் புத்தகமே வேண்டாம். கொடிவேரிக்குப் போய் எத்தனை பேர் குளிச்சிருக்கீங்க? கையைத் தூக்குங்க பார்க்கலாம்... ஆஹா, மீன் வறுவல் சாப்பிட்ட கையெல்லாம் மேலே போகுது. (சிரிப்பு) அங்கே தண்ணி எப்படி வருது? சுவர் மேலே ஏறி, வழிஞ்சு, உங்க தலையிலே விழுகுது. பவானிசாகருக்கும் போயிருப்பீங்க. அங்கே தலையிலே விழுதா? விழாது. அது அந்தப் பக்கம் மதகுக்குப் பின்னாடி கடல் மாதிரி நிக்கும். அவ்வளவுதாங்க வித்தியாசம். தண்ணியைத் தேக்கி நிறுத்தி வைக்கிறது டேம். ஆற்றுத் தண்ணியைக் கொஞ்சம் உயர்த்தி, வாய்க்காலுக்கு அதன் பங்கைத் திருப்பிவிட்டு, மிச்சத்தைத் தலைக்கு மேலே வழியவிடறது அனிகட். பவானி ஒரே ஆறு. மேலே பவானிசாகர், 1955இல் முடிஞ்ச டேம். நடுவிலே கொடிவேரி, அனிகட். கீழே காவிரியிலே கலக்கப் போற இடத்துக்குப் பக்கத்திலே காலிங்கராயன், 13ஆம் நூற்றாண்டு அனிகட்.

இப்ப நான் சொல்லப்போறதைக் கொஞ்சம் கவனிங்க. தமிழிலே நாம என்ன பண்ணிட்டோம்? மேட்டூரும் அணைதான், கல்லணையும் அணைதான், பவானிசாகரும் அணைக்கட்டு, கொடிவேரியும் அணைக்கட்டு. எல்லாத்தையும் ஒரே கூடையிலே அள்ளிப் போட்டுட்டோம். அந்தப் பழைய பொருளைப் பிரிச்சுப் பத்திரமா வெச்சிருந்தது யாரு? செத்துப்போச்சுன்னு தம்பி சொன்னாரே, அந்த இங்கிலீஷ் சொல்! வீட்டுக்காரன் அடையாளம் மறந்த நகையை அடகுக்கடைக்காரன் சீட்டுப் போட்டு வெச்சிருந்த மாதிரி. (நீண்ட கைதட்டல்)

"வெச்சிருந்து என்ன பிரயோசனம்?" தம்பியோட அடுத்த கேள்வி அதுவாத்தான் இருக்கும், தெரியும். 1892ஆம் வருஷம் மைசூருக்கும் மதராஸுக்கும் ஓர் ஒப்பந்தம் ஆச்சு. காவிரிப் பிரச்சினை என்றால் முதலில் எடுக்கிற காகிதம் அது. மைசூர் எந்தெந்த ஆற்றில் எதைக் கட்டுவதற்கு முன்னால் மதராஸின் சம்மதம் வாங்க வேண்டும் என்று அதில் எழுதியிருக்கிறது. 'புதிய நீர்த்தேக்கம்' என்று அதற்கு ஒரு பட்டியல். 'புதிய அனிகட்' என்று இதற்குத் தனியாக ஒரு பட்டியல். ரெண்டும் ஒண்ணு இல்லைன்னு எழுதினவனுக்குத் தெரிஞ்சிருக்கு. நடுவர் மன்றம் வரைக்கும், 2018 உச்ச நீதிமன்றத் தீர்ப்பு வரைக்கும் அந்த ஒப்பந்தத்தைப் பேசினாங்க. நாளைக்கு நம்ம பிள்ளை ஒருத்தன் வக்கீலாப் போய் அந்தக் காகிதத்தைக் கையிலே எடுத்தா, அனிகட்டுன்னா டேம்தானேன்னு தாண்டிப் போயிடலாமா? அது தண்ணிங்க! கேட்டு வாங்கறதுக்கு முன்னாடி, என்ன கேக்கறோம்னு தெரியணும்.

எங்க அப்புச்சிக்கு ஒரு எழுத்து இங்கிலீஷ் தெரியாது. கொடிவேரிக்குக் கீழே தடப்பள்ளி வாய்க்காலில் லஸ்கரா இருந்தவர். இந்த 'லஸ்கர்' இருக்கே, அதுவும் அப்படிப்பட்ட சொல்தான். பாரசீகத்திலே படைன்னு பொருள். இங்கிலீஷ்காரன் கப்பலிலே வேலை பார்த்த நம்ம ஊர் ஆளுக்கு அந்தப் பேரை வெச்சான். அந்தக் கப்பலும் போச்சு, அந்த லஸ்கரும் போனான். நம்ம பொதுப்பணித் துறையிலே மட்டும், மண்வெட்டியைத் தோளிலே போட்டுக்கிட்டு வாய்க்கால் கரையிலே நடந்துகிட்டிருந்தான் லஸ்கர். கடலிலே காணாமப் போனவன் கோபிச்செட்டிபாளையத்திலே கரை ஏறியிருக்கான்! (சிரிப்பு)

பள்ளிக்கூட லீவுக்குப் போனா அப்புச்சி என்னையும் கரையிலே கூட்டிட்டுப் போவார். ஒருதடவை நல்ல கோடை. ஆற்றிலே தண்ணி மெலிஞ்சு போச்சு. "ஏனுங் அப்புச்சி, வழிஞ்சு வீணாப் போகுதே, இன்னும் ரெண்டு கல்லை மேலே அடுக்கி எல்லாத்தையும் நம்ம வாய்க்காலுக்கே திருப்பிட்டா என்ன?"ன்னு கேட்டேன். அவர் கோபப்பட்டு நான் பார்த்ததே இல்லை, அன்னிக்குப் பார்த்தேன். "கண்ணு, வீணாப் போகுதுன்னு சொல்லாதே. அக்கட்டால காலிங்கராயன் வாய்க்காலுக்காரன் நெல்லு நட்டிருக்கான். அவனுக்குப் போகோணும். அணைன்னா வழியோணும். வழியாம நிறுத்துனா அதுக்குப் பேரு வேற." அந்த வேற பேர் அவருக்குத் தெரியாது. எனக்கும் அப்பத் தெரியாது. பல வருஷம் கழிச்சு இந்த அகராதியைப் பார்த்தபோது, எங்க அப்புச்சி சொன்னதை இங்கிலீஷிலே அச்சடிச்சு வெச்சிருக்கானேன்னு ஆயிடுச்சுங்க. (கைதட்டல்)

இதை அவிநாசியிலே நின்னு சொல்றதுக்கும் காரணம் இருக்கு. அத்திக்கடவு - அவிநாசித் திட்டத்துக்கு நீங்க அறுபது வருஷத்துக்கு மேலே காத்துக் கிடந்தீங்க. 2024 ஆகஸ்ட் 17ஆம் தேதி திறந்தாங்க. 1,045 ஏரி, குளம், குட்டைக்கு ஒன்றரை டி.எம்.சி. தண்ணி. எங்கிருந்து எடுக்கறாங்க? அத்திக்கடவிலே இருந்தா? இல்லீங்க. பேரு மட்டும்தான் அத்திக்கடவு. எடுக்கறது காலிங்கராயன் அணைக்கட்டுக்குக் கீழே, உபரித் தண்ணியை. அதாவது பவானிசாகர் பாசனம் எடுத்து, கொடிவேரி எடுத்து, காலிங்கராயனும் எடுத்து, அதுக்கப்புறம் வழிஞ்சு வர்றதைத்தான் பம்ப் வெச்சு ஏத்திக் கொண்டு வர்றாங்க. மேலே இருக்கிற ஒவ்வொருத்தனும் தன் பங்கை எடுத்துக்கிட்டு வழியவிட்டாத்தான் உங்க ஊர்க் குட்டை நனையும். அனிகட்டுன்னா என்னன்னு தமிழ்நாட்டிலே யாருக்குத் தெரியலைன்னாலும் பரவாயில்லை, அவிநாசிக்காரனுக்குத் தெரியணுங்க!

நடுவர்: தண்ணி உபரியா இருக்கு, உங்களுக்கு நேரம் உபரியா இல்லை. ரெண்டு நிமிஷம்!

ரெண்டே நிமிஷம் ஐயா. இந்த ஊர்ப் பேருக்கே அழியாததுன்னு அர்த்தம். உங்க ஊர்க் கதை உங்களுக்குத் தெரியும். குளத்திலே முதலை ஒரு பிள்ளையை விழுங்கிட்டது. சில வருஷம் கழிச்சு அந்த வழியா வந்த சுந்தரர் பதிகம் பாடினார். முதலை பிள்ளையைத் திருப்பிக் கொடுத்தது. விழுங்கின வயசிலேயா கொடுத்தது? இல்லை, இத்தனை வருஷம் வளர்ந்திருந்தா எப்படி இருப்பானோ அப்படி வளர்ந்த பிள்ளையாக் கொடுத்தது. இந்தச் சொல்லும் அப்படித்தான். இங்கிலீஷ் முதலை வாயிலே போச்சு, லண்டனிலே இப்ப யாருக்கும் தெரியாது. அதனால செத்துப்போச்சுன்னு தம்பி முடிவு பண்ணிட்டார். இலங்கையிலே இங்கிலீஷ் பேப்பரைப் பிரிங்க, இன்ன ஊர் அனிகட் உடைஞ்சது, இன்ன அனிகட்டைச் சீர் செஞ்சாங்கன்னு இன்னிக்கும் செய்தி வரும். அதைவிட ஆச்சரியம், ராஜஸ்தானுக்குப் போங்க. மழையே பெய்யாத சீமையிலே, ஓடையின் குறுக்கே கட்டற சின்னத் தடுப்புக்கு அந்த ஊர் விவசாயி 'எனிகட்' என்கிறான். தலைப்பாகை கட்டிக்கிட்டு, அது சொந்தச் சொல்லுன்னு நினைச்சுக்கிட்டுச் சொல்றான். நம்ம பிள்ளை அங்கே போய் வளர்ந்து, குடும்பம் குட்டியோட இருக்கான் தம்பி! நீங்க இங்கே எள்ளும் தண்ணியும் கையிலே வெச்சுக்கிட்டு நிக்கறீங்க. (பலத்த சிரிப்பு, கைதட்டல்)

எல்லாப் பழைய சொல்லும் இப்படிச் சொத்து ஆயிடாது, ஒப்புக்கறேன். 'பாளையக்காரர்' என்ற சொல்லைப் 'பாலிகார்'னு எழுதி வெச்சான், வரலாற்றுப் புத்தகம் தவிர வேற எங்கேயும் அதுக்கு வேலை இல்லை. தோப்பை 'டோப்'னு எழுதினான், போகட்டும். எதை வெச்சுக்கிறது எதை விடறதுன்னு பார்க்கணும். பார்க்காமலே மொத்தத்தையும் பழைய இரும்புக்குப் போடறேன்னு சொன்னாத்தான் வம்பு.

எங்க பொண்ணு என்ன பண்ணினான்னு சொல்லலையே. கட்டுரையிலே டேம் போடலை. அனிகட்டுன்னே போட்டா. ஆனா சிவப்புக் கோடு அப்படியே நின்னுகிட்டிருந்தது. "மார்க் குறைச்சிடுவாங்களோ?"ன்னு பயந்தா. அப்புறம் அவளே எதையோ தேடி ஒரு பட்டனைக் கண்டுபிடிச்சா. 'அகராதியில் சேர்' என்று ஒண்ணு இருக்குதாம். அதை அமுக்கினா, கோடு போயிடுச்சு.

மணி அடிச்சிட்டாங்க. எங்க அப்புச்சியா இருந்தா இந்நேரம் மதகை இறக்கிட்டு வீட்டுக்குப் போயிருப்பார். (கைதட்டல்)