பங்கு கேட்பது பாவமா?



ஆண்டவர் இயேசு போதித்துக்கொண்டிருந்தபோது, கூட்டத்திலிருந்து ஒருவர் குரல் கொடுக்கிறார். குடும்பச் சொத்தைத் தம்மோடு பங்கிட்டுக்கொள்ளும்படி தம் சகோதரருக்குச் சொல்லுமாறு கேட்கிறார். ஆண்டவர் நடுவராக அமர மறுத்துவிடுகிறார். பேராசையைக் குறித்து எச்சரிக்கிறார் (லூக்கா 12:13-15).

இந்த வாசகத்தைக் கேட்டதும், பங்கு கேட்பதே பாவம் என்று நாம் முடிவுகட்டிவிடுகிறோம். ஆனால் நற்செய்தியாளர் எழுதியிருப்பதைக் கவனியுங்கள். அந்த எச்சரிக்கை கேட்டவருக்கு மட்டுமன்று, அங்கிருந்த எல்லாருக்கும் சொல்லப்பட்டது. பங்கு கேட்பவரிடம் பேராசை இருக்கலாம். கொடுக்காமல் வைத்திருப்பவரிடமும் இருக்கலாம்.

பிரிவது பாவமன்று. ஆபிராமின் மேய்ப்பர்களுக்கும் லோத்தின் மேய்ப்பர்களுக்கும் சண்டை வந்தபோது, வயதில் மூத்த ஆபிராமே, முதலில் தேர்ந்தெடுக்கும் உரிமையை லோத்துக்கு விட்டுக்கொடுத்தார் (தொடக்கநூல் 13). நம் மண்ணிலும் இதற்குச் சான்று உண்டு. 1920-களின் தொடக்கத்தில் உறவினர்களான அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா சென்று தீப்பெட்டித் தொழிலைக் கற்றுவந்து, சிவகாசியில் சேர்ந்து தொடங்கினார்கள். சில ஆண்டுகளில் பிரிந்து தனித்தனியே தொழில் நடத்தினார்கள். அந்தப் பிரிவினால் தொழில் அழியவில்லை, ஊரே வளர்ந்தது.

அப்படியானால் பாவம் எங்கே இருக்கிறது? யாருடைய பங்கை மறைத்துவிட்டுப் பிரிக்கிறோமோ, அங்கே இருக்கிறது.

இதை நாம் பிறருக்கு மட்டும் சொல்லவில்லை. பல ஆண்டுகளுக்கு முன், தந்தையை இழந்த ஒரு குடும்பத்தில் அண்ணன் தம்பிகள் நம்மைத் தேடி வந்தார்கள். அக்காள் விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்திட மறுக்கிறார், நீங்கள் ஒரு வார்த்தை சொல்லுங்கள் சாமி என்றார்கள். நாமும் அந்த அம்மாவை அழைத்து, "சமாதானத்துக்காக விட்டுக்கொடுங்கள்" என்றோம். அவர் மறுபேச்சின்றிக் கையெழுத்திட்டார். வீட்டுக்குப் போகும்முன் ஒன்றே ஒன்று கேட்டார்: "விட்டுக்கொடுக்கச் சொல்லித் தம்பிமாரிடமும் கேட்டீங்களா, சாமி?"

நாம் கேட்கவில்லை. அன்று நாம் வாங்கித் தந்தது சமாதானமன்று, வெறும் கையெழுத்து. அந்தக் கேள்வி இன்றும் நம்மை விடவில்லை.

தந்தைக்கு ஆண் மக்கள் இல்லை என்பதற்காக எங்கள் பங்கு ஏன் போக வேண்டும் என்று செலொபுகாதின் ஐந்து புதல்வியர் மோசேயின் முன் நின்று கேட்டார்கள். மோசே ஆண்டவரிடம் முறையிட்டார். அவர்கள் கேட்பது சரி என்பதே ஆண்டவர் தந்த தீர்ப்பு (எண்ணிக்கை 27). நம் காலத்திலும் அப்படி ஒரு பெண் நின்றார். மகளுக்கு மகனின் பங்கில் கால் பாகம் அல்லது ஐயாயிரம் ரூபாய், இவற்றில் எது குறைவோ அதுதான் என்று சொன்ன பழைய திருவிதாங்கூர்க் கிறிஸ்தவர் சட்டத்தை எதிர்த்துக் கேரளத்தின் மேரி ராய் வழக்காடினார். அந்தச் சட்டம் இனிச் செல்லாது என்று 1986-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

நமக்குப் பொருந்துவது 1925-ஆம் ஆண்டின் இந்திய வாரிசுரிமைச் சட்டம். தந்தை உயில் எழுதாமல் இறந்தால், மூன்றில் ஒரு பங்கு நம் தாய்க்கு. மீதி இரண்டு பங்கு மகன்களுக்கும் மகள்களுக்கும் சரிசமம். "நகை போட்டோம், சீர் செய்தோம், அதோடு கணக்குத் தீர்ந்தது" என்பது நாம் சொல்லிக்கொள்ளும் சமாதானம். சட்டம் அப்படிச் சொல்லவில்லை. சகோதரி மனமுவந்து விட்டுக்கொடுத்தால் அது அவரது கொடை. அதை அவரிடமிருந்து கறக்க நமக்கு உரிமையில்லை.

எனவே, அன்பார்ந்தவர்களே, சிலவற்றைச் செய்வோம். பெற்றோர் உயிரோடும் தெளிவோடும் இருக்கும்போதே உயில் எழுதட்டும். பாகம் பேச உட்காரும்போது சகோதரிகளையும் அழைத்து உட்கார வைப்போம். தாய் எங்கே இருப்பார், அவர் மருந்துச் செலவு யாருடையது என்பதை முதல் வரியாக எழுதுவோம். கரிசல் காட்டை அளந்து பிரிக்கலாம். கிணற்றுத் தண்ணீருக்கு முறை வைக்கலாம். பட்டாசு ஆலையை அப்படிக் கூறு போட முடியாது. உரிமமும் ஷெட்டுகளுக்கிடையே விட வேண்டிய இடைவெளியும் விதிக்கு உட்பட்டவை. வீம்புக்கு நடுவே சுவர் எழுப்பினால் அங்கே வேலை செய்வோரின் உயிருக்கு ஆபத்து. ஒருவர் ஆலையை எடுத்துக்கொண்டு மற்றவர்களுக்கு மதிப்பைக் கொடுப்பதே முறை. முடிவானதைப் பத்திரமாக எழுதிப் பதிவு செய்வோம்.

பேசியும் தீரவில்லையா? ஸ்ரீவில்லிபுத்தூருக்கு வாய்தா வாய்தாவாக அலையும்முன் மக்கள் நீதிமன்றத்தை நாடலாம். அங்கே இரு தரப்பும் இசைந்து பெறும் முடிவு, நீதிமன்றத் தீர்ப்புக்குச் சமம். அதன்மேல் மேல்முறையீடு இல்லை.

நம் ஆலயச் சமூகத்துக்கும் பங்கு என்றுதான் பெயர். வீட்டில் பிரிக்கும் சொத்துக்கும் அதே பெயர்தான். ஒரே அப்பத்தில் பங்குபெறும் நாம், உடன்பிறந்தவளின் பங்கை மறைத்து வைத்துக்கொண்டு பீடத்தின் முன் நிற்கலாமா? காணிக்கையை அங்கேயே வைத்துவிட்டு, முதலில் போய் உறவை ஒப்புரவாக்கிக்கொள்ளச் சொன்னவர் நம் ஆண்டவர். இந்த வாரம் நம்மில் யாராவது ஒருவர் அக்காள் வீட்டுக் கதவைத் தட்டினால் போதும். பத்திரத்தோடு போக வேண்டாம், வெறுங்கையோடு போவோம்.

எல்லாருக்கும் தந்தையாகிய இறைவா, நீர் தந்ததை நீதியோடு பங்கிட எங்களுக்கு மனம் தாரும். ஆமென்.