சான் பிரான்சிஸ்கோ செல்வோர்க்குச் சில குறிப்புகள்

(நம் சங்கத்தின் மாதாந்தரக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



முன்னாளில் நம்மவர் கடல் கடந்தது பொருளீட்டும் பொருட்டேயாம். இந்நாளிலோ பிள்ளைகள் முன்னே சென்று விடுகின்றனர். பேரக் குழந்தைகளைக் காணப் பெற்றோர் பின்னே செல்கின்றனர். அங்ஙனம் செல்வோரிற் பலர் கலிபோர்னியா மாகாணத்துச் சான் பிரான்சிஸ்கோ நகரையும், கணினித் தொழில் செழித்த அதன் தென்பால் ஊர்களையும் நாடுகின்றனர். இவர்களிற் சிலர் பல திங்கள் அங்கிருந்தும், மகன் விடுமுறை நாளில் மோட்டாரில் அழைத்துச் சென்ற இடங்களையன்றிப் பிறிதொன்றும் அறியாது திரும்புகின்றனர். வேறு சிலர், எதிர்பாராது வந்த ஒரு நோயினாற் பிள்ளைகளின் பல்லாண்டுச் சேமிப்பைக் கரைத்துத் திரும்புகின்றனர். இவ்விரண்டும் புறப்படுமுன் செய்யும் சிறு முயற்சியால் தவிர்க்கத்தக்கன. ஆதலின் யாம் அறிந்தவற்றை ஈண்டு முறையே சொல்லப் புகுகின்றோம்.

முதலாவது வைத்தியச் செலவு. அந்நாட்டில் ஆஸ்பத்திரிக் கட்டணம் மிக அதிகம். பார்வையாளராய்ச் செல்வோர்க்குச் சர்க்கார் வைத்திய உதவி இல்லை. உயிராபத்தான நிலையில் வருவோரைப் பணமில்லையென்று ஆஸ்பத்திரியார் திருப்பியனுப்பலாகாது என 1986-ம் ஆண்டில் அங்கே சட்டம் இயற்றப்பட்டுளது. ஆயினும் சிகிச்சைக்குரிய பில் பின்னர் வந்தே தீரும். ஆகவே விமானச் சீட்டு வாங்கும் அன்றே பிரயாண இன்ஷூரன்சும் எடுத்தல் கடன். அதனையும் விலை பார்த்து மட்டும் வாங்கற்க. சில பத்திரங்கள் ஒவ்வொரு சிகிச்சைக்கும் குறித்த தொகையே கொடுக்கும். மீதியை நோயாளி செலுத்த நேரும். பல பத்திரங்கள், முன்னரே உள்ள நீரிழிவு, இரத்தக் கொதிப்பு, இருதய நோய் ஆகியவற்றால் விளையும் செலவை ஏற்பதில்லை. வயது மிகுந்தோர்க்குத் தொகையைக் குறைப்பனவும் உள. இம்மூன்றையும் வாசித்து, விளங்காவிடில் விளங்கினோரைக் கேட்டுப் பின்னரே கையெழுத்திடுக. நாடோறும் உண்ணும் மருந்துகளைத் தங்கும் காலம் முழுமைக்கும் அவற்றின் உறைகளோடே எடுத்துக்கொண்டு, மருந்தின் பெயர் எழுதிய வைத்தியரது ஆங்கிலச் சீட்டையும் உடன் வைத்திடுக. இவற்றை விமானத்திற் கையிலே கொண்டு செல்லும் பையில் வைத்தல் நன்று.

இனி மூட்டை கட்டும் விஷயம். பச்சைக் காய்கனிகள், விதைகள், மாமிசப் பண்டங்கள் ஆகியவற்றை எடுத்துச் செல்லலாகாது. நம் வீட்டுக் கறிவேப்பிலையும் இவற்றுட் சேர்ந்ததே. துபாய் வழியாகச் செல்வோர் கசகசாவையும் விலக்குக; அந்நாட்டிற் கசகசா தடை செய்யப்பட்ட பொருளாகும். பொடி, வடகம், ஊறுகாய் முதலியன கொண்டு செல்வோரும், உணவுப் பொருள் உளதென்று சுங்க அதிகாரியிடம் சொல்லி விடுக. சொல்லிய பொருளை அவர் தடுத்தாற் பொருள் மட்டுமே போம். மறைத்தது அகப்பட்டால் அபராதமும் உண்டு. மிக்ஸி, கிரைண்டர் ஆகியவற்றைச் சுமத்தல் வீண். அங்கே மின்சாரம் 120 வோல்ட். நம் இயந்திரங்கள் 230 வோல்ட்டுக்குச் செய்யப்பட்டவை.

விமான நிலையத்திற் குடியேற்ற அதிகாரி, எதன் பொருட்டு வந்தீர், யார் வீட்டில் தங்குவீர், எப்போது திரும்புவீர் என்று வினவுவார். மெய்யானதைச் சுருக்கமாகச் சொல்லுக. பிள்ளையின் விலாசமும் தொலைபேசி எண்ணும் தாளில் எழுதிக் கையில் இருத்தல் வேண்டும்; கைத்தொலைபேசி அவ்வேளையில் உயிரற்றுப் போதல் கூடும். இவ்விடத்து ஒன்று நினைவிருக்க. விசாவிற் கண்ட கடைசித் தேதி வேறு. தங்க அனுமதித்த கடைசித் தேதி வேறு. பின்னையதை நிச்சயிப்பவர் அவ்வதிகாரியே. அது ‘ஐ-94’ என்னும் பதிவில் இருக்கும். பிள்ளைகளைக் கொண்டு இணையத்தில் அதனைப் பார்த்துக் குறித்து வைத்திடுக.

நிற்க, சீதோஷ்ணத்தைப் பற்றிச் சிறிது சொல்வோம். கலிபோர்னியா வெயில் நாடென்று கேள்வியுற்றுப் பருத்தியாடையோடு செல்வோர் பலர். சான் பிரான்சிஸ்கோவோ ஜூலை, ஆகஸ்டு மாதங்களிலேயே குளிரும். காரணம் யாதெனின், அந்நகரத்து மேற்கே பசிபிக் சமுத்திரத்தின் நீர் மிகவும் தண்ணியது. உள்நாட்டுப் பள்ளத்தாக்கோ கோடையிற் கொதிக்கும். அங்கே சூடேறிய காற்று மேலெழ, அவ்விடத்தை நிரப்பக் கடற்காற்று மூடுபனியோடு ‘கோல்டன் கேட்’ என்னும் கடல்வாய் வழியே ஓடி வரும். சான் ஹோசேயில் மகன் வீட்டு வாயிலில் 28 பாகை வெப்பம் இருக்கும் நண்பகலில், நகரத்தில் 20 பாகையும் இராது. ஆதலின் எப்பருவத்திலும் கம்பளிச் சட்டையின்றி நகரத்துட் புகாதீர். செப்டம்பரும் அக்டோபருமே அங்கே வெம்மையான மாதங்கள். வெயில் சாய்ந்ததும் மகளிர் புடவையின் மேல் நீண்ட கோட்டும், காலுறையோடு நன்கு பொருந்திய பாதரட்சையும் அணிதல் வேண்டும். மலைச் சரிவிற் கட்டிய ஊராதலின் செருப்போடு நடத்தல் அரிது.

நகரத்தைத் தாமே சுற்றிப் பார்க்க விரும்புவோர்க்கு நல்ல வசதிகள் உள. விமான நிலையத்திலிருந்து ‘பார்ட்’ என்னும் மின்சார ரயில் நகரத்தின் நடுவே செல்கின்றது. தென்பால் ஊர்களினின்று ‘கால்டிரெயின்’ வரும். 2024-ம் ஆண்டு முதல் அதுவும் மின்சாரத்தில் ஓடுகின்றது. ‘கிளிப்பர்’ என்னும் ஒரே கார்டு இவற்றுக்கும் நகர பஸ்ஸுக்கும் செல்லும். 65 வயது நிறைந்தோர்க்குக் கட்டணம் குறைவு. வயதுச் சான்று காட்டி அதற்குரிய கார்டு பெறல் வேண்டும். இக்கார்டு ஒன்று கையிலிருப்பின், மகன் ஆபீசிலிருந்து வருமளவும் ஜன்னலோரத்திற் காத்திருக்க வேண்டுவதில்லை.

காணத்தக்கவற்றுள் முதலிற் சொல்லத்தக்கது கேபிள் கார். செங்குத்தான தெருக்களிற் குதிரைகள் வண்டியிழுத்துத் துன்புற்ற காலத்தில், 1873-ம் ஆண்டு ஹாலிடி என்பவர் இதனை அமைத்தார். தெருவின் கீழ் ஓயாது ஓடும் எஃகுக் கயிற்றை வண்டியோட்டி ஓர் இடுக்கியாற் பற்றுவார், பற்றினால் வண்டி செல்லும், விட்டால் நிற்கும். பவல் தெருவிற் கூட்டம் மிகுதி. கலிபோர்னியா தெரு வண்டியில் ஏறுவது எளிது. அக்கயிற்றை இழுக்கும் சக்கரங்களை மேசன் தெருக் காட்சிசாலையில் இலவசமாய்க் காணலாம்.

1937-ம் ஆண்டில் திறந்த கோல்டன் கேட் பாலத்தை மோட்டாரிற் கடந்து செல்வதோடு அமையாது, கீழ்ப்பக்க நடைபாதையிற் சிறிது தூரமேனும் நடந்து காண்க, நடப்போர்க்குக் கட்டணமில்லை. இரு கோபுரங்களுக்கும் இடையே 4,200 அடி. கட்டும்போது கீழே விரித்த வலையினால் 19 தொழிலாளர் உயிர் தப்பினர் என்பது அறியத்தக்கது. அல்கட்ராஸ் தீவுச் சிறைச்சாலையைக் காண விழைவோர் படகுச் சீட்டை முன்னரே வாங்குக. வெப்ஸ்டர் தெருவில் 1906-ம் ஆண்டில் திறந்த வேதாந்த சங்கத்தின் பழைய ஆலயமும், 1913-ல் நம் தேச விடுதலைக்கெனக் கதர்க் கட்சியார் பத்திரிகை தொடங்கிய நகரம் அதுவென்பதற்குச் சான்றாய் வுட் தெருவிலுள்ள ஞாபகக் கட்டிடமும் நம்மவர் அறிய வேண்டியவை.

சில எச்சரிக்கைகள். நிறுத்திய மோட்டாரில் பையொன்றும் வைத்துச் செல்லாதீர். கண்ணாடியை உடைத்துத் திருடுவது அங்கே அடிக்கடி நிகழ்வது. டெண்டர்லாயின் என்னும் பகுதியில் இரவில் நடவாதீர். கடையிற் கண்ட விலைக்கு மேல் விற்பனை வரியும், உணவு விடுதியிற் பரிமாறுவோர்க்கு நூற்றுக்குப் பதினைந்து முதல் இருபது வரை இனாமும் சேரும். குழாய்த் தண்ணீர் குடிக்கத்தக்கது; அது பெரும்பாலும் யோசெமிட்டி மலைப் பகுதியிலிருந்து வருவது. 1906-லும் 1989-லும் பெரும் பூகம்பம் கண்ட ஊர் அது. நிலம் அதிர்ந்தால் வெளியே ஓடாது மேசையின் கீழ்ப் பதுங்கி அதன் காலைப் பற்றிக் கொள்க. ஆபத்துக்கு அழைக்கும் எண் 911.

இறுதியாக ஒன்று. அந்நகரத்துச் சீனர் பேட்டையில் வேவர்லி பிளேஸ் என்னும் சிறு தெரு உளது. அங்கே ஒரே குடும்பப் பெயருடையோரும், சீனத்தில் ஒரே ஜில்லாவிலிருந்து வந்தோரும் தனித்தனியே அமைத்த சங்கங்களின் கட்டிடங்கள் நிற்கின்றன. 1882-ம் ஆண்டுச் சட்டம் சீனத் தொழிலாளர் வருகையைத் தடுத்து, 1943 வரை அவர்கள் துன்புற்ற காலத்தில், புதியவர்க்கு உறைவிடமும் வேலையும் தேடித் தந்தவை அத்தகைய சங்கங்களே. அவர்கள் பட்ட இடரில் நூற்றிலொன்றும் நம்மவர்க்கில்லை. எனினும் அவர் செய்ததிற் சிறிது நாம் செய்தல் கூடாதோ?

யாம் கேட்பது பெரிதன்று. அந்நகர்ப் பகுதியில் வாழும் நம் அங்கத்தினரின் பிள்ளைகள் எவரெவர், எவ்வூரினர் என்னும் பட்டியலொன்று, அவர்கள் இசைவு பெற்று, சங்கக் காரியாலயத்தில் இருத்தல் வேண்டும். புதிதாய்ச் செல்லும் முதியோர்க்கு அங்கே தமிழ் பேசும் முகமொன்று இதனாற் கிடைக்கும். இன்ஷூரன்சு பத்திரத்தை வாசித்துப் பொருள் சொல்ல நம் வாலிபர் இருவர் மாதம் ஒரு மாலை ஒதுக்கலாம். திரும்பி வந்தோரின் கம்பளிக் கோட்டுகள் இவ்வூர் வெயிலில் பெட்டிக்குள்ளே கிடந்து பூச்சியரிக்கின்றன. அவற்றைச் சங்கத்து அலமாரியொன்றில் வைத்துப் புறப்படுவோர்க்கு இரவலாய்த் தரலாம். இம்மூன்றுக்கும் செலவு சிறிது. பயனோ ஒரு குடும்பத்தின் சேமிப்பும், ஒரு தாயின் உடல் நலமும் ஆகும். காரியக் கமிட்டியார் அடுத்த கூட்டத்திலேயே இதனை ஆலோசிக்க வேண்டுமென்று கேட்டு அமைகின்றோம்.