பட்டமும் பதவிப் பறிப்பும்



சார்லஸ் டிரெவெலியன் என்ற வெள்ளை அதிகாரியைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். கயவர் என்று சொல்லிவிட்டால் என் வேலை எளிது, கைதட்டலும் கிடைக்கும். ஆனால் அவர் கயவரல்லர். அதனால்தான் பேச வேண்டியிருக்கிறது.

கையூட்டு அறியாத கரம் அவருடையது. டில்லியிலே இளம் அலுவலராக இருந்தபோது, தம் மேலதிகாரி கோல்புரூக் கையூட்டு வாங்கினார் என்று 1829-ல் துணிந்து குற்றஞ்சாட்டினார். விசாரணை நடந்தது, மேலதிகாரி வேலையிழந்தார். 1840-ல், முப்பத்திரண்டு வயதில், இலண்டன் கருவூலத்தின் நிரந்தர அலுவலர்களுக்குத் தலைவரானார். 1854-ல் நார்த்கோட்டுடன் சேர்ந்து அவர் அளித்த அறிக்கைதான், பிரபுக்களின் பரிந்துரைச் சீட்டை ஒழித்துத் தேர்வின் மூலம் ஆளெடுக்க வழி வகுத்தது. நல்ல முறை! கல்லூரியைப் பாதியிலே விட்டு வந்த நானே சொல்கிறேன், நல்ல முறைதான்.

அந்தத் தூய கரத்திடம் ஒரு நாட்டின் பசி ஒப்படைக்கப்பட்டது. அயர்லாந்து! 1845-ல் உருளைக்கிழங்கை நோய் தாக்கிற்று. ஏழை உழவனுக்கு அதுவே காலை உணவு, அதுவே இரவு உணவு. கிழங்கு அழுகிற்று, குடிசை அழுதது. அதே மண்ணில் விளைந்த தானியமோ இங்கிலாந்துக்குக் கப்பலேறிற்று! தடுக்கவில்லை அரசு. வாணிபத்திலே தலையிடலாகாது என்பது கொள்கை. முடிவெடுத்தவர்கள் அமைச்சர்கள்தாம், ஆனால் அந்தக் கொள்கைக்குக் காவல் நின்றவர் டிரெவெலியன். 1847 கோடையில் அரசின் கஞ்சித்தொட்டிகள் நாளொன்றுக்கு முப்பது இலட்சம் பேரின் பசியாற்றின. ஊட்ட முடியும் என்பதற்கு வேறு சான்று வேண்டுமோ? சில மாதங்களிலே தொட்டிகள் மூடப்பட்டன. நொடித்துப்போன அயர்லாந்தின் உள்ளூர் வரிப்பணத்தின் தலையிலே சுமை ஏற்றப்பட்டது. பத்து இலட்சம் பேர் மாண்டனர். அதற்கும் மேற்பட்டோர் கடல் கடந்தனர். அயர்லாந்தின் பழம்பிணிக்கு இறைவன் தந்த மருந்தே பஞ்சம் என்ற கருத்தை 1848-ல் நூலாகவே வெளியிட்டார் அவர். அதே ஆண்டில் ‘சர்’ பட்டம்!

காட்சி மாறுகிறது. 1859-ல் அவர் சென்னையின் கவர்னர். 1857 கிளர்ச்சியை அடக்கிய செலவு கருவூலத்தை வற்றச் செய்திருந்தது. கல்கத்தாவிலிருந்து ஜேம்ஸ் வில்சன் 1860-ல் வருமான வரி கொண்டுவந்தார். “செலவைக் குறையுங்கள், மக்கள் மீது புது வரி வேண்டாம்” என்பது டிரெவெலியன் வாதம். மாறுபட்டதைப் பொறுத்திருப்பார்கள், அதை ஊரறிய வெளியிட்டாரே, அதுதான் பொறுக்கவில்லை. திருப்பி அழைத்துவிட்டார்கள்.

பத்து இலட்சம் பிணங்களுக்குப் பட்டம். மக்களுக்காக ஒரு குறிப்பு வெளியிட்டதற்குப் பதவிப் பறிப்பு! நாடகத்தில் நான் இப்படி எழுதினால், மிகைப்படுத்துகிறான் என்பீர்கள்.

அந்த ஆண்டிலேயே வில்சன் கல்கத்தாவில் மறைந்தார். 1863-ல் அதே கல்கத்தாவுக்கு நிதி உறுப்பினராகத் திரும்பினார் டிரெவெலியன்; 1865-ல் அந்த வரி மறைந்தது. சென்னையில் அவர் அமைத்த மக்கள் பூங்காவின் நிலத்திலே இன்று ரிப்பன் மாளிகை நிற்கிறது. அயர்லாந்திலோ, 1970-களில் பிறந்த பாட்டொன்றை ஆட்டக்களங்களில் ஆயிரமாயிரம் பேர் பாடுகிறார்கள். டிரெவெலியனின் தானியத்தைத் திருடியதற்காக நாடு கடத்தப்படும் இளைஞன் ஒருவனைப் பற்றிய பாட்டு அது.